தெர்சா தைத்த முயல் பை

மாவு மில்லில் யாரோ சொல்லி, அதைச் சந்தை வண்டிக்காரன் கேட்டு, அவன் பெண்டாட்டி வழியாகத் தெருப் பம்புக்கு வந்து சேர்ந்த பேச்சு இது. ஜெப்தா லார்வுட்டைப் போலீசுக்குக் காட்டிக் கொடுத்தது வெளியாள் யாரும் இல்லையாம், அவன் பெண்டாட்டியேதானாம். ஊர்ப் பெரிய மாளிகையின் வேட்டைக்காட்டைக் காவல் காக்கிற கீப்பர் வீட்டுச் சுவரில் மாட்டியிருக்கிற அந்த டெலிபோனில் வாயை வைத்து, "கோட்டுக்குள்ளே வலப்பக்கம், முதுகு ஓரமா" என்று அவள் சொன்னதை ஜன்னல் வழியாக ஒருவர் பார்த்தாராம்.

பார்த்தவர் யார் என்று கேட்டால் பெயர் வராது. ஜன்னலுக்கு வெளியே நின்றவருக்கு உள்ளே பேசியது எப்படிக் கேட்டது என்று யாரும் கேட்கவும் இல்லை.

தெர்சா லார்வுட் வாளியோடு பம்புக்கு வந்தபோது அங்கே நின்ற நான்கு பெண்களும் ஒரே நேரத்தில் வானத்தைப் பார்த்தார்கள். பார்க்க அங்கே ஒன்றும் இல்லை. மாளிகையிலிருந்து கீப்பர் வீட்டுக்குப் போகிற கம்பி மட்டும் உறைபனி படிந்து வெள்ளையாகத் தொங்கியது.

"மெதுவா பேசுங்கடி," என்றாள் மஹேலா. அடுத்த வீட்டுக்காரி, இரண்டு வீட்டுக்கும் ஒரே சுவர். "மேல கம்பி போகுது. மாளிகையில கேட்டுடப் போகுது."

"கம்பிக்குக் காது கிடையாது மஹேலா," என்றாள் தெர்சா. "அந்தப் பக்கம் ஒருத்தர் கைப்பிடியச் சுத்தணும், இங்க மணி அடிக்கும், இந்தப் பக்கம் ஒருத்தர் எடுக்கணும். அவ்வளவுதான்."

"அடேயப்பா! எப்படிப் பேசணும்னு எல்லாம் கத்து வெச்சிருக்கியே. எங்களுக்கு அது தெரியாதும்மா. நாங்க எது பேசினாலும் மூஞ்சிக்கு நேராப் பேசித்தான் பழக்கம்."

"அப்ப என் மூஞ்சிக்கு நேரா ஒண்ணு பேசேன்."

மஹேலா வாளியை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். மற்ற மூவரும் தண்ணீர் நிரம்பாத வாளிகளோடு அவள் பின்னாலேயே போனார்கள்.

தெர்சாவுக்கு அப்போது நாற்பத்து மூன்று வயது. நார்ஃபோக்கில் ஹெல்கம் என்ற அந்தக் கிராமத்தில், அதே பதினோரு வீட்டு வரிசையில்தான் பிறந்தாள். அவளுக்கு ஆறு வயதாகும்போது அப்பா ஒரே ஒரு முயலுக்காகச் சிறைக்குப் போனார். அம்மாவும் அவளும் ஏழை விடுதிக்குப் போனார்கள். ஊரில் யாரும் அதை ஏழை விடுதி என்று சொல்வதில்லை, 'அந்த வீடு' என்பார்கள். அந்த வீட்டில் அம்மாவை ஒரு கதவு வழியாகவும் மகளை இன்னொரு கதவு வழியாகவும் கூட்டிப் போனார்கள். மகளின் தலையை ஒட்ட வெட்டினார்கள். அம்மாவை அவள் ஞாயிற்றுக்கிழமை பிரார்த்தனையில் தூரத்து பெஞ்சில் பார்த்துக்கொள்ளலாம். வாரத்துக்கு ஒரு முறை முதுகு மட்டும் தெரியும்.

தையல் கற்றது அங்கேதான். சட்டை, தலையணை உறை, செத்தவர்களுக்கான துணி. அங்கே இருந்த மேற்பார்வைக்காரிக்கு ஒரு பைத்தியம் உண்டு: தைத்த இடம் கண்ணுக்குத் தெரியக் கூடாது. தெரிந்தால் பிரித்துவிட்டு மறுபடியும் தைக்க வேண்டும். ஏழு வயதில் பழகிய விரல்கள் அப்புறம் வேறு மாதிரி தைக்கத் தெரியாத விரல்களாகிவிட்டன.

ஜெப்தாவை அவள் கட்டிக்கொண்டபோது ஊரே சிரித்தது. அவன் நொட்டாங்கைக்காரன். அறுவடைக்கு இருபது பேர் வரிசையாக நின்று அரிவாள் வீசும்போது, ஒருவன் மட்டும் எதிர்ப்பக்கம் வீசினால் பக்கத்திலிருப்பவன் கால் போய்விடும். அதனால் எந்த வரிசையிலும் அவனுக்கு இடம் இல்லை. வருடத்துக்கே தெம்பு தருகிற அறுவடைக் கூலி மற்றவர்களுக்குக் கிடைத்தபோது, அவனுக்குக் கல் பொறுக்குகிற வேலை கிடைத்தது. பெற்ற பிள்ளைகள் மூன்று. பிழைத்தது ஒன்று. அந்த மகள் இப்போது யார்மத் பட்டணத்தில் ஒரு வீட்டில் வேலைக்காரி.

பனி உறைந்து மண் கல்லாகிவிட்டால் பண்ணையில் எல்லாரையும் நிறுத்திவிடுவார்கள். நிறுத்தின நாளுக்குக் கூலி கிடையாது. அப்படியொரு மாதத்தில்தான் ஜெப்தா முதன்முதலாகத் திருட்டு வேட்டைக்கு மாளிகைக் காட்டுக்குள் போனான். தெர்சா அவன் கோட்டின் உள்துணியைப் பிரித்து, ஒரு முயல் அடங்குகிற பை வைத்துத் தைத்தாள். வலது கைக்காரர்களுக்கு அந்தப் பை இடப்பக்கம் இருக்கும். இவனுக்கு வலப்பக்கம், முதுகுக்குச் சற்று முன்னால். வாய் நேராக இருந்தால் தடவிப் பார்ப்பவன் கையில் தட்டும் என்று, அக்குளுக்குக் கீழே தையல் ஓரத்தோடு சாய்வாக வைத்தாள். மாளிகை வேட்டைக்கென்று வளர்க்கிற ஃபெசன்ட் கோழியின் நீள வால் கோட்டுக்குக் கீழே எட்டிப் பார்க்காமலிருக்க, அடியில் ஒரு மடிப்பும் வைத்தாள்.

அப்படியும் இரண்டு முறை பிடிபட்டான், இரண்டும் இரவில். முதல் தடவை மூன்று மாதம். அவள் கைக்குழந்தையோடு மறுபடியும் அந்த வீட்டுக்குப் போனாள். இரண்டாம் தடவை ஆறு மாதம். நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சொன்னார்: "இனி ஒரு இரவு பிடிபட்டால் ஏழு வருடம், லார்வுட். ஏழு."

இரண்டாம் தடவை தெர்சா அந்த வீட்டுக்குப் போகவில்லை. ஒவ்வொரு வசந்தத்திலும் மாளிகைக் கீப்பர் ஊர்ப் பெண்களிடம் அடைக்கோழி வாடகைக்கு எடுப்பார், ஃபெசன்ட் முட்டைகளை அடைகாக்க. தெர்சா தன்னுடைய இரண்டு கோழிகளை இரண்டு கக்கத்திலும் இடுக்கிக்கொண்டு கீப்பர் ஸ்னெல்லிங் வீட்டுக் கதவைத் தட்டினாள். அங்கே ஏற்கெனவே இருந்த கோழிகளின் வயிற்றுக்கடியில் கையை விட்டுப் பார்த்து, "இது நடிக்குது, இது நடிக்குது, இது மட்டும்தான் நிசமா உக்காந்திருக்கு," என்றாள். ஸ்னெல்லிங் மனைவியை இழந்தவர். அன்றைக்கே கோழிகளையும் வீட்டையும் பகலில் பார்த்துக்கொள்ளும் வேலை அவளுக்குக் கிடைத்தது.

சிறையிலிருந்து திரும்பிய ஜெப்தா அதைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தான்.

"நான் பிடிக்கிற கோழிய நீ வளக்கிறியா? நல்ல குடும்பம் புள்ள நம்மது!"

மூன்று வருடம் அந்தச் சிரிப்பிலேயே ஓடியது. கீப்பர் வீட்டில் கேட்டது எதையும் அவள் வீட்டுக்குக் கொண்டுவர மாட்டாள். காட்டில் நடந்தது எதையும் அவன் அவளிடம் சொல்ல மாட்டான். அப்படி இருக்க வேண்டுமென்று இரண்டு பேரும் பேசி வைத்துக்கொண்டதுகூட இல்லை. போன வருடம் டெலிபோன் வந்தபோதும் ஒன்றும் மாறவில்லை. மணி அடித்தால் எடுத்து "கீப்பர் வீடு" என்று சொல்ல வேண்டும், அங்கிருந்து சொல்வதை ஸ்னெல்லிங்கிடம் சொல்ல வேண்டும். முதல் வாரம் முழுக்க கையைப் பாவாடையில் துடைத்துவிட்டுத்தான் அதைத் தொட்டாள். பிறகு அதுவும் அடுப்பு மாதிரி ஆகிவிட்டது.

அக்டோபர் கடைசியில் நடந்தது என்னவென்றால், கான்ஸ்டபிள் பஃபோர்ட் ஜெப்தாவை நடுச்சாலையில் நிறுத்தினார். சாலையில் போகிற எவனையும் நிறுத்திச் சோதிக்கலாம் என்ற சட்டம் வந்து முப்பது வருடத்துக்கு மேலாகிவிட்டது. ஜெப்தாவையே எத்தனையோ தடவை சோதித்திருக்கிறார்கள். எப்போதும் தொப்பியில் தொடங்கி, தோளைத் தட்டி, கால்சட்டைப் பையைத் துழாவி, பூட்ஸ் வரைக்கும் போய் வெறுங்கையோடு நிற்பார்கள். இந்தத் தடவை பஃபோர்ட் தொப்பியைத் தொடவே இல்லை. கோட்டைத் திறந்தார். அவர் கை வலது அக்குளுக்குக் கீழே போய், சாய்வாக இருந்த அந்த வாய்க்குள் நேராக நுழைந்தது.

வெளியே வந்தது ஒரு டர்னிப் கிழங்கு.

"இது என்னடா?"

"டர்னிப்புங்க. எங்க தோட்டத்துல விளைஞ்சது. சுட்டுட்டேன்னு சொல்லி உள்ள போடப் போறீங்களா?"

வண்டிகளை நிறுத்திவிட்டு வேடிக்கை பார்த்தவர்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். ஆனால் ஜெப்தா வீடு வந்து சேரும்போது சிரிக்கவில்லை. கோட்டைக் கழற்றி மேசைமேல் விரித்து வைத்தான். பையின் வாயை விரலால் தடவிக்கொண்டே உட்கார்ந்திருந்தான்.

"இது எங்க இருக்குன்னு எத்தனை பேருக்குத் தெரியும் புள்ள?"

"உனக்கும் எனக்கும்."

"நான் சொல்லல."

அவ்வளவுதான் சொன்னான். அன்றிலிருந்து அவன் குரலில் ஒரு மரியாதை வந்துவிட்டது. அதுதான் தெர்சாவுக்குப் பொறுக்கவில்லை. அவள் தட்டை நகர்த்தினால் "இருக்கட்டும்" என்பான், தேநீர் கொடுத்தால் "நல்லது" என்பான். பின்கட்டுக் கொட்டகைக்குப் போனவள் ஒருநாள் கதவின் அடியில் ஒரு கறுப்பு நூல் குறுக்காகக் கட்டியிருப்பதைப் பார்த்தாள். அவளுடைய நூல்கண்டிலிருந்து எடுத்த நூல்தான். தான் இல்லாதபோது அவள் உள்ளே போகிறாளா என்று அவன் வேவு பார்க்கிறான். அவள் நூலைத் தாண்டிப் போய் விறகை எடுத்துக்கொண்டு, மறுபடியும் தாண்டி வந்தாள். வந்த பிறகுதான், ஒளிக்க ஒன்றும் இல்லாதவள் எதற்காகத் தாண்டினேன் என்று தோன்றியது.

அவளும் சும்மா இருக்கவில்லை. வேறு யாராக இருக்கும் என்று தேடினாள். மஹேலா போன குளிர்காலத்தில் ஊசி கேட்டு வந்தபோது கோட்டு நாற்காலியில்தான் கிடந்தது. இந்த உறைபனியில் ஊரில் எல்லாரையும் நிறுத்தியிருக்க, மஹேலாவின் புருஷனுக்கு மட்டும் மாளிகையில் விறகு வெட்டும் வேலை எப்படிக் கிடைத்தது? அவள் சுவரில் காதை வைத்துக் கேட்டாள். மறுபக்கம் சட்டென்று பேச்சு நின்றது. அங்கேயும் ஒரு காது சுவரில் ஒட்டியிருக்கிறது என்று தெரிந்தது.

நவம்பர் பாதியில் வந்த உறைபனி போகவே இல்லை. ஜெப்தாவுக்கு இரண்டு வாரமாக வேலை இல்லை. வீட்டில் ரொட்டி இல்லாமலில்லை. கீப்பர் வீட்டிலிருந்து தெர்சா தினமும் அரை ரொட்டியும் கொஞ்சம் பன்றிக்கொழுப்பும் கொண்டுவருவாள், அது அவள் சம்பளத்தோடு சேர்ந்தது. பம்படிப் பேச்சு அவன் காதுக்கு எட்டிய நாளிலிருந்து அவன் அதைத் தொடவில்லை.

"சாப்பிடு ஜெப். ரெண்டு நாளாச்சு."

"பசிக்கல."

"என்மேல சந்தேகமா இருந்தா வாயத் திறந்து கேளு. ரொட்டி என்ன பண்ணுச்சு?"

"ரொட்டி நல்ல ரொட்டிதான். எதுக்குக் கொடுத்தான்னுதான் யோசிக்கிறேன்."

"நான் வேலை பாக்கிறேன், கொடுக்கிறாரு!"

"எந்த வேலைக்குன்னுதான் சொல்றேன்."

தெர்சா ரொட்டியைத் துணியில் சுற்றி அலமாரியில் வைத்தாள். அங்கே ஏற்கெனவே முந்தாநாள் ரொட்டியும் நேற்றைய ரொட்டியும் இருந்தன. "நான் என் கையால புடிச்சத நான் தின்னுக்கிறேன்," என்று அவன் படுக்கையிலிருந்து சொன்னான். "பகல்லதான் போவேன். பயப்படாத. ஏழு வருசத்த அந்த ஆளுக்குத் தூக்கிக் கொடுக்க மாட்டேன்."

பகல் என்று அவன் சொன்னது சட்டத்தின் பகல். சூரியன் விழுந்து ஒரு மணி நேரம் வரைக்கும் சட்டத்துக்குப் பகல்தான். அதற்குள் பிடிபட்டால் அபராதம், கட்ட வழியில்லையென்றால் ஒன்றிரண்டு மாதம். அந்த ஒரு மணி நேரம்தான் அவனுக்குத் தோதானது. ஃபெசன்ட் சேவல்கள் அடைய மரமேறும்போது ஊருக்கே கேட்கக் கூவிக்கொண்டு ஏறும். இலையில்லாத கிளையில், வெளிறிய வானத்தில், கறுப்பாகத் தெரியும். இடது கையால் கவணை இழுத்தால் ஓசை இல்லாமல் காரியம் முடியும். நவம்பரில் சூரியன் நாலு மணிக்கு விழுகிறது. கோயில் மணி ஐந்து அடிக்கும்போது அவன் காட்டுக்கு வெளியே சாலையில் நின்றிருப்பான். இரண்டாம் தடவை சிறையிலிருந்து வந்தபின் ஒருமுறைகூட அந்தக் கணக்கு தப்பியதில்லை.

மறுநாள் காலை அவள் எழுந்தபோது அடுப்போரம் அவன் பூட்ஸ் இருந்தது. மதியம் ஒருமுறை வீட்டுக்கு ஓடிவந்து பார்த்தபோது பூட்ஸும் இல்லை, புகைபோக்கியின் உள்மாடத்தில் செருகியிருந்த கவணும் இல்லை. மூன்று ரொட்டியும் அப்படியே இருந்தன.

கீப்பர் வீட்டுக்குத் திரும்பியபோது ஸ்னெல்லிங் அடுப்புக்கு முன்னால் நின்றிருந்தார். உரக்கப் பேசாத மனிதர். அவர் விசிலடித்தால் நாய்கள் வாலைக் காலுக்கிடையில் வைத்துக்கொண்டு வரும். மேசைமேல் அவருடைய பழைய கம்பளிக் கோட்டு கிடந்தது. செப்டம்பரில் தெர்சாதான் அதற்குப் புது உள்துணி வைத்துக் கொடுத்திருந்தாள்.

"வா தெர்சா. வீட்டுல எல்லாம் சௌக்கியமா?"

"சௌக்கியந்தாங்க ஐயா."

"உன் புருஷனுக்கு வேலை இல்லையாமே. பாவம். இந்தக் குளிர்ல வீட்டுலயே அடைஞ்சு கிடக்கானா?"

"ஆமாங்க."

"நல்லது, நல்லது. இந்தக் கோட்டப் பாரு. பையை மாத்தித் தைக்கணும்."

"கிழிஞ்சுடுச்சுங்களா?"

"சேச்சே. உன் தையல் கிழியுமா? தப்பான பக்கத்துல இருக்கு, அவ்வளவுதான். எனக்கு வலது கைப் பழக்கம். ரெண்டு மாசமா ஒரு தோட்டா எடுக்கணும்னாக்கூட நான் டான்ஸ் ஆட வேண்டியிருக்கு." அவர் கோட்டை விரித்துக் காட்டினார். "வாயும் பாரு, எங்கயோ அக்குளுக்கடியில ஒளிஞ்சுக்கிட்டு இருக்கு. அடியில வாலுக்குன்னு ஒரு மடிப்பு வேற! நான் கீப்பர் தெர்சா. நான் யார்கிட்டருந்து வால மறைக்கப் போறேன்?"

சிரித்தார். நல்ல மனதோடு சிரிப்பவர் மாதிரியே சிரித்தார்.

தெர்சா கோட்டைப் பார்த்தாள். வலப்பக்கம். முதுகுக்குச் சற்று முன்னால். தையல் ஓரத்தோடு சாய்வாக, கண்ணுக்குத் தெரியாமல். செப்டம்பரில் அவர் சொன்ன வார்த்தைகள் இப்போதுதான் காதில் முழுசாக விழுந்தன: "முயல் பை ஒண்ணும் வெச்சுடு. உன் வீட்டுல எப்படித் தைப்பியோ அப்படியே தைச்சுடு, எனக்கென்ன." அதை அவள் வேடிக்கை என்று நினைத்தாள், கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. விளக்கடியில் உட்கார்ந்து, யார்மத்தில் இருக்கிற மகளை நினைத்துக்கொண்டே தைத்தாள். விரல்கள் தமக்குத் தெரிந்த ஒரே விதமாகத் தைத்தன. கேட்கவேண்டிய கேள்வி எதையும் அவர் கேட்கவில்லை. பதில் எல்லாவற்றையும் அவளே ஊசியால் எழுதிக் கையில் கொடுத்துவிட்டாள்.

ஆக, பம்படியில் சொன்னது பொய்யில்லை. மஹேலா இல்லை, வண்டிக்காரன் இல்லை. அவள்தான்.

"என்ன, முகம் வெளுத்துப் போச்சு?"

"அடுப்புப் புகைங்க ஐயா."

"இன்னைக்கே மாத்திடு. நான் வெளிய போறேன்." வேறு கோட்டை மாட்டிக்கொண்டு கதவருகே நின்றார். "இன்னொண்ணு. நானும் பஃபோர்ட்டும் பழைய சுண்ணாம்புச் சூளையில இருப்போம். காட்டுக்கு வடபக்கம் அங்கருந்து தெரியாது. மாளிகை மாடியில ஒருத்தன உக்கார வெச்சிருக்கேன். அவன் எதையாவது பார்த்தா டெலிபோன் அடிப்பான். 'வந்தாச்சு'ன்னு மட்டும் சொல்வான். உடனே நீ விளக்க ஏத்தி இந்த வீட்டு மாடி ஜன்னல்ல வைக்கணும். சூளையிலருந்து நாங்க பார்த்துக்குவோம்."

"வர்றது யாருங்க?"

"யாரா இருந்தா என்ன? அவசரமில்ல, உள்ள நுழையட்டும். ஐஞ்சு அடிக்கிற வரைக்கும் வேலியச் சுத்தி நின்னுக்கிட்டா போதும், வெளிய வர முடியாது. அடிச்சுட்டா ராத்திரிக் கணக்கு, அப்ப உள்ள போய்க் கூட்டிட்டு வந்துடுவோம்." அவர் அவளை ஒரு கணம் பார்த்தார், அடைக்கோழி நிஜமாக உட்கார்ந்திருக்கிறதா, நடிக்கிறதா என்று அவள் பார்ப்பது போல. "இந்த ஊர்ல வேற யாரையும் நம்ப முடியல தெர்சா. அதான் உன்கிட்ட விடறேன்."

கதவு சாத்திக்கொண்டது.

அவள் முதலில் நினைத்தது ஓடுவதை. சூளைக்கும் காட்டுக்கும் நடுவே இரண்டு வயல், ஒரு செடி கிடையாது. பனியில் ஒரு காக்கை நடந்தாலும் சூளையிலிருந்து தெரியும். அவள் ஓடினால் ஜெப்தா எங்கே என்று அவளே விரலை நீட்டிக் காட்டியதுபோல் ஆகும். ஒருமுறை காட்டியது போதும்.

அப்புறம் தோன்றியது: காட்டில் யாருமே இல்லாமல் இருந்தால்? இவர் அவளைத்தான் சோதிக்கிறார் என்றால்? மாளிகையிலிருந்து சும்மா ஒரு மணி அடிக்கச் சொல்லியிருப்பார். விளக்கு வந்தால் அவள் கீப்பர் பக்கம். வராவிட்டால் நாளைக்கு வேலை இல்லை. வேலை இல்லையென்றால் சம்பளமில்லை, அந்தத் தொடாத ரொட்டியும் இல்லை. இந்தக் குளிர்காலத்தில் அதற்கு அடுத்த கதவு அந்த வீட்டுக் கதவுதான். ஆனால் பூட்ஸ் இல்லை, கவண் இல்லை. சோதனையாகவே இருந்தாலும் அவன் உள்ளேதான் இருக்கிறான்.

நாலு மணிக்குச் சூரியன் கோயில் கோபுரத்துக்குப் பின்னால் விழுந்தது. அவள் விளக்கைத் துடைத்தாள், எண்ணெய் பார்த்தாள், திரியை வெட்டினாள். எல்லாம் செய்துவிட்டு அதை மேசைமேல் ஏற்றாமல் வைத்தாள். அடுப்பு வெளிச்சம் போதும் என்று முக்காலியை இழுத்துப் போட்டு, கோட்டை மடியில் விரித்து, கத்திரிக்கோலை எடுத்தாள். மாற்றித் தைப்பதென்றால் முதலில் பிரிக்க வேண்டும். அவர் சொன்ன வேலைதான்.

காட்டுப் பக்கமிருந்து முதல் சேவல் கூவியது. பிறகு இன்னொன்று. மரமேறுகின்றன.

சுவர்க் கடிகாரத்தில் ஐந்துக்குப் பதினான்கு நிமிடம் இருக்கும்போது மணி அடித்தது.

அந்தக் கருவியின் நெற்றியில் இரண்டு பித்தளைக் கிண்ணங்கள் உண்டு. நடுவில் ஒரு சின்னச் சுத்தியல் இரண்டையும் மாறி மாறி அடிக்கும். வீடு முழுக்க நிறைகிற சத்தம். பின்கட்டு நாய்கள் குரைக்கத் தொடங்கின. தெர்சா எழுந்துவிட்டாள். ஒரு வருடப் பழக்கம். கால்கள் தாமாக இரண்டடி வைத்துவிட்டன, கை பாதி நீண்டுவிட்டது. செப்டம்பரில் விரல்கள் தாமாகத் தைத்ததும் இப்படித்தான்.

அவள் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டாள்.

மாளிகைச் சமையற்காரி நாளைய வேட்டைக்கு எத்தனை பேர் என்று கேட்கக் கூப்பிடலாம். குதிரைக்காரன் கூப்பிடலாம். எடுத்தால் தெரிந்துவிடும். எடுத்து, 'வந்தாச்சு' என்ற ஒரு வார்த்தையைக் கேட்டுவிட்டால், கேட்கவில்லை என்று அப்புறம் யாரிடமும் சொல்ல முடியாது. ஸ்னெல்லிங்கிடமும் முடியாது, ஜெப்தாவிடமும் முடியாது.

மணி நின்றது. கடிகாரத்தின் டக், டக் மட்டும் கேட்டது. அவள் திரும்பி வந்து முக்காலியில் உட்கார்ந்தாள். பையின் வாயோரம் கத்திரிக்கோலின் நுனியை விட்டு முதல் தையலை வெட்டினாள். அது வெட்டுப்பட மாட்டேனென்று நின்றது. அந்த வீட்டில் கற்ற தையல். இரண்டாவது, மூன்றாவது. நூல் துணுக்குகள் பாவாடையில் விழுந்தன.

ஐந்துக்குப் பதினொரு நிமிடம். மறுபடியும் அடித்தது. இந்தத் தடவை அங்கே கைப்பிடியைச் சுற்றுகிறவனுக்குக் கோபம் வந்திருந்தது. நீளமாக, விடாமல், ஒரே இழுப்பில் அடித்தது. நாய்கள் சங்கிலியை இழுத்தன. சூளையில் இரண்டு பேர் மாடி ஜன்னலையே பார்த்துக்கொண்டிருப்பார்கள். ஜன்னல் இருட்டாக இருந்தது. காட்டில் ஒரு சேவலின் கூவல் பாதியில் நின்றது. அதற்குப் பிறகு அந்த மரத்திலிருந்து சத்தமே வரவில்லை.

"சீக்கிரம் வா ஜெப்," என்றாள் தெர்சா, கடிகாரத்தைப் பார்த்து. "எடுத்தது போதும். வெளிய வா."

இன்னும் பத்து நிமிடம். அவள் பையின் அடிமடிப்பைத் திருப்பிப் பிடித்து, வாலுக்கென்று வைத்த அந்த இடத்தைத் தையல் தையலாக வெட்டிக்கொண்டிருந்தாள். மணி அடித்துக்கொண்டே இருந்தது.